‘அந்த வீடியோவைத் தூக்குங்க!’: ஒரு பொத்தான் பிறந்த கதை

1994 அக்டோபர். அமெரிக்காவில் பிராடிஜி என்றொரு கணினிச் சேவை இருந்தது. சந்தா கட்டியவர்கள் தொலைபேசிக் கம்பி வழியே அதற்குள் நுழைந்து அரட்டை அடிப்பார்கள், பங்குச் சந்தை பற்றி விவாதிப்பார்கள். அங்கே யாரோ ஒருவர் பெயரை மறைத்துக்கொண்டு, ஸ்ட்ராட்டன் ஓக்மான்ட் என்ற பங்குத் தரகு நிறுவனம் மோசடிக் கும்பல் என்று எழுதிப் போட்டார். நிறுவனம் கொதித்துப்போய் 20 கோடி டாலர் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டது. எழுதிய ஆசாமி யாரென்று தெரியவில்லை. அதனால் பிராடிஜியே கூண்டில் ஏற வேண்டியதாயிற்று. பிற்பாடு அந்தத் தரகு நிறுவனம் உண்மையிலேயே மோசடிக் கும்பல் என்று அம்பலமாகி, அதன் நிறுவனர் சிறைக்குப் போய், அவர் கதை ‘தி உல்ஃப் ஆஃப் வால் ஸ்ட்ரீட்’ என்று சினிமாவாகவும் வந்தது. ஆனால் 1995 மே மாதம் நியூயார்க் நீதிமன்றத்தின் தீர்ப்பு அந்தக் கும்பலுக்குச் சாதகமாகத்தான் வந்தது.

பிராடிஜியைக் கவிழ்த்தது அதன் நல்ல குணம். கெட்ட வார்த்தைகளை வடிகட்ட அது மென்பொருள் வைத்திருந்தது. பதிவுகளைக் கண்காணிக்க ஆட்களையும் நியமித்திருந்தது. கண்காணிப்பதால் நீ பதிப்பாளன், பதிப்பாளன் என்பதால் வந்த எழுத்துக்கெல்லாம் நீயே பொறுப்பு என்றது நீதிமன்றம். நாலு வருடம் முன்பு இதே போன்ற வழக்கில் கம்ப்யூசர்வ் என்ற போட்டி நிறுவனம் தப்பித்திருந்தது. காரணம், அது எதையுமே திரும்பிப் பார்க்கவில்லை. ஆக, வாசலைப் பெருக்கியவனுக்கு அபராதம், குப்பையை அப்படியே விட்டவனுக்கு விடுதலை. இந்தச் செய்தியை விமானத்தில் உட்கார்ந்து செய்தித்தாளில் படித்தார் கிறிஸ் காக்ஸ் என்ற நாடாளுமன்ற உறுப்பினர். வாஷிங்டனில் இறங்குவதற்குள் அவர் மனதில் ஒரு சட்டத்தின் கரு விழுந்துவிட்டது.

எதிர்க்கட்சியைச் சேர்ந்த ரான் வைடனைக் கூட்டுச் சேர்த்துக்கொண்டு அவர் எழுதியதுதான் 1996 பிப்ரவரியில் சட்டமான 230ஆம் பிரிவு. பயனாளர் போடும் எதற்கும் தளம் பொறுப்பல்ல. தளம் நல்லெண்ணத்தோடு எதையாவது நீக்கினாலும் அதன்மேல் வழக்குப் போட முடியாது. இணைய நிறுவனங்கள் கொண்டாடின. கவனிக்கப்படாமல் போனது ஒரு சங்கதி: நீக்கலாம் என்று சொன்ன சட்டம், நீக்கியே ஆக வேண்டும் என்று எங்கும் சொல்லவில்லை. ஒருவரின் மானமே போகும் விஷயமானாலும் தளம் கையைக் கட்டிக்கொண்டு நிற்கலாம். இந்தச் சலுகைக்கு விதிவிலக்கு வெகு சில. அவற்றில் ஒன்று, பின்னால் நடந்த அத்தனைக்கும் வித்தாக அமைந்தது.

அந்த விதிவிலக்கு, பதிப்புரிமை. யூடியூபர்கள் இன்று காப்பிரைட் என்று அலறுகிறார்களே, அதுதான். அந்தப் போரின் முதல் குண்டு கலிபோர்னியாவில் ஏற்கெனவே வெடித்திருந்தது. சயின்டாலஜி என்ற மத அமைப்பிலிருந்து விலகிய முன்னாள் போதகர் ஒருவர், அமைப்பின் நிறுவனர் எழுதியவற்றை எடுத்து இணையத்தில் போட்டு விமர்சித்தார். சில நூறு பேர் பயன்படுத்திய ஒரு சின்னப் பலகைச் சேவை வழியாக அந்தப் பதிவுகள் போயின. அந்தச் சேவைக்கு இணைப்புக் கொடுத்தது நெட்காம் என்ற பெரிய நிறுவனம். அந்த ஆளைத் துண்டியுங்கள் என்றது சயின்டாலஜி. ஒருவரைத் துண்டிக்கப் போனால் அந்தச் சேவையிலிருக்கும் அத்தனை பேரும் துண்டிக்கப்படுவார்கள் என்று மறுத்தது நெட்காம். 1995 நவம்பரில் நீதிபதி ரொனால்ட் வைட் தீர்ப்பளித்தார். கம்பியில் என்ன ஓடுகிறது என்று நெட்காமுக்குத் தெரியாதவரை குற்றமில்லை. ஆனால் புகார் வந்து, தெரிந்த பிறகும் சும்மா இருந்திருந்தால் அது பொறுப்பேற்க வேண்டியிருக்கும். ‘தெரிந்த பிறகு’ என்ற அந்த ஒரு நிபந்தனையைப் பிடித்துக்கொண்டு இரண்டு பெரிய முதலைகள் மோத ஆரம்பித்தன.

ஒருபுறம் ஹாலிவுட்டும் இசை நிறுவனங்களும், மறுபுறம் தொலைபேசி, இணையச் சேவை நிறுவனங்களும். திருட்டுப் பிரதி எங்கே இருந்தாலும் கம்பி இழுத்தவனே பொறுப்பு என்றது முதல் அணி. அப்படியானால் கடையை இழுத்து மூடுகிறோம் என்றது இரண்டாம் அணி. பேரம் படிந்து, 1998 அக்டோபர் 28 அன்று பில் கிளின்டன் கையெழுத்திட்டதுதான் டிஎம்சிஏ சட்டம். அதன் 512ஆம் பிரிவு ஒரு கடிதத்துக்கு உயிர் கொடுத்தது. எது என் படைப்பு, எந்த முகவரியில் இருக்கிறது, என் கையெழுத்து, என் தொடர்பு விவரம், நல்லெண்ணத்தோடுதான் சொல்கிறேன் என்ற உறுதிமொழி. இவ்வளவும் வந்தால் தளம் உடனே பொருளை இறக்கிவிட வேண்டும். இறக்கினால் வழக்கிலிருந்து தப்பிக்கலாம். எந்த நீதிபதியும் பார்க்காத கடிதத்துக்கு நீதிமன்ற ஆணைக்கு இணையான பலம் வந்தது. அப்போது வீட்டுத் தொலைபேசி வழியே ஒரு நிமிட வீடியோவை இறக்குவதற்குள் காபி குடித்துவிட்டு வந்துவிடலாம். ஆகவே வீடியோவைப் பற்றி யாரும் பெரிதாகக் கவலைப்படவில்லை. அந்த நிம்மதி ஆறே வருடம்தான்.

2004 நவம்பர் கடைசியில், பாஸி டாட் காம் என்ற இந்திய ஏல இணையதளத்தில் ஒரு பொருள் விற்பனைக்கு வந்தது. விலை 125 ரூபாய். டெல்லிப் பள்ளி மாணவர்கள் இருவரின் அந்தரங்கத்தைச் செல்பேசியில் பிடித்த வீடியோ அது. சனிக்கிழமை இரவு ஏறிய விளம்பரம், திங்கட்கிழமை காலையில்தான் இறங்கியது. இடையில் சிலர் வாங்கியும்விட்டார்கள். டிசம்பர் 17 அன்று தளத்தின் தலைமை நிர்வாகி அவ்னிஷ் பஜாஜ் கைதானார். விளம்பரத்தைப் போட்டது அவரல்ல. ஆனாலும் சிறைக்குப் போனார். நாடே அதிர்ந்து விவாதித்துக்கொண்டிருந்தபோது, ஒன்பதாம் நாள் காலை கடல் பொங்கியது.

டிசம்பர் 26 சுனாமியை மெரினாவிலிருந்து நாகப்பட்டினம் வரை, இலங்கையின் கிழக்குக் கரை வரை, தமிழ்க் கரைகள் மறக்கவே முடியாது. தாய்லாந்திலும் மற்ற கரைகளிலும் சுற்றுலாப் பயணிகள் கையிலிருந்த கேமராக்களில் அந்த அலைகள் பதிவாயின. அமெரிக்காவில் ஜாவேத் கரீம் என்ற இளைஞர் அந்தக் காட்சிகளை இணையத்தில் தேடினார். சுலபத்தில் அகப்படவில்லை. யார் வேண்டுமானாலும் வீடியோ ஏற்றும் இடம் ஒன்று இருந்தால் என்ன என்ற எண்ணம் அப்படித்தான் வந்தது என்று பின்னாளில் சொன்னார். கூட்டாளிகள் சாட் ஹர்லியும் ஸ்டீவ் சென்னும் ஒரு இரவு விருந்தில் பிறந்த யோசனை என்று வேறு கதை சொன்னார்கள். எந்தக் கதை சரியோ, 2005 பிப்ரவரி 14 அன்று யூடியூப் என்ற பெயர் பதிவானது. ஏப்ரல் 23 அன்று மிருகக்காட்சிசாலையில் யானைகளுக்கு முன் கரீம் நின்று பேசிய 19 விநாடி வீடியோ முதலாவதாக ஏறியது. அடுத்து ஏறியவை எல்லாம் சொந்த வீடியோக்களாக இல்லை.

டிவி நிகழ்ச்சிகளும் சினிமாத் துண்டுகளும் குவிய ஆரம்பித்தன. 2005 செப்டம்பரில் யூடியூப்காரர்கள் ஒரு நல்ல காரியம் செய்தார்கள். பார்ப்பவர் யாரும் ‘இது அடுத்தவன் சொத்து’ என்று கொடி காட்ட ஒரு வசதி வைத்தார்கள். சில நாட்களிலேயே அதைப் பிடுங்கிவிட்டார்கள். ஏன் என்பது ஐந்து வருடம் கழித்து நீதிமன்றத்தில் வெளியான அவர்களுடைய சொந்த மின்னஞ்சல்களில் இருந்தது. கொடி விழுந்தால் ‘தெரியும்’ என்றாகிவிடும். தெரிந்த பிறகு நீக்காவிட்டால் மாட்டிக்கொள்வோம். கொடியே இல்லாவிட்டால், கடிதம் எழுத வேண்டியது சொத்துக்காரனின் பாடு. பிராடிஜி படித்த பாடத்தை இவர்களும் படித்துவிட்டார்கள். ஆபாசம், வன்முறைக்கான கொடி மட்டும் மிஞ்சியது. அந்த டிசம்பரிலேயே கொடியைப் பிடுங்கியதன் விலை தெரிந்தது.

2005 டிசம்பர் 17 அன்று என்பிசி தொலைக்காட்சியின் ‘சாட்டர்டே நைட் லைவ்’ நிகழ்ச்சியில் ‘லேசி சண்டே’ என்ற நையாண்டிப் பாட்டு வந்தது. யாரோ அதை யூடியூபில் ஏற்ற, 50 லட்சம் தடவை பார்க்கப்பட்டது. 2006 பிப்ரவரியில் என்பிசி கடிதம் அனுப்பியது, பாட்டு இறங்கியது. ஆனால் அதற்குள் யூடியூப் என்ற பெயர் அமெரிக்கா முழுக்கப் பரவிவிட்டது. துரத்திய என்பிசியே ஜூன் மாதம் யூடியூபோடு ஒப்பந்தம் போட்டது. அக்டோபரில் எழுபது ஊழியர்கூட இல்லாத அந்தக் கம்பெனியை கூகுள் 165 கோடி டாலருக்கு வாங்கியது. அதே மாதம் ஜப்பானிய இசை உரிமை அமைப்பும் தொலைக்காட்சி நிறுவனங்களும் சேர்ந்து 29,549 வீடியோக்களை ஒரே வீச்சில் நீக்கவைத்தன. கூகுளின் பணப்பெட்டி பின்னால் இருக்கிறது என்று தெரிந்ததும் இன்னொரு பெரிய கை நீண்டது.

2007 பிப்ரவரி 2 அன்று எம்டிவி, காமெடி சென்ட்ரல் சேனல்களின் உரிமையாளரான வயாகாம் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வீடியோக்களை இறக்கச் சொன்னது. யூடியூப் இறக்கியது. வலை பெரிதாக வீசப்பட்டதால் சின்ன மீன்களும் அகப்பட்டன. நண்பர்கள் ஒரு உணவகத்தில் உட்கார்ந்து விலா இறைச்சி சாப்பிடும் வீட்டு வீடியோ ஒன்றும் வயாகாமின் சொத்து என்று காணாமல் போனது. மார்ச் 13 அன்று வயாகாம் 100 கோடி டாலர் கேட்டு வழக்கே போட்டுவிட்டது. ஆனால் நீக்கும் கடிதத்தின் மதிப்பை உண்மையில் ஆட்டிப்பார்த்தவர் வயாகாமும் அல்ல, கூகுளும் அல்ல. ஒரு சமையலறைத் தரையில் பொம்மை வண்டியைத் தள்ளிக்கொண்டிருந்த பதின்மூன்று மாதக் குழந்தை.

பென்சில்வேனியாவில் ஒரு தாய், தன் பிள்ளை ஆடுவதை 29 விநாடி படம்பிடித்துப் பாட்டிக்குக் காட்ட யூடியூபில் ஏற்றினார். பின்னணியில், மங்கலாக, பிரின்ஸின் ‘லெட்ஸ் கோ கிரேஸி’ ஒலித்தது. அந்த ஜூன் மாதம் யுனிவர்சல் இசை நிறுவனத்தின் கடிதம் வந்து வீடியோ மறைந்தது. தாய் அஞ்சவில்லை. சட்டத்தில் இருந்த எதிர்க்கடிதம் எழுதும் உரிமையைப் பயன்படுத்தி வீடியோவை மீட்டார். அதோடு நிற்காமல் யுனிவர்சல்மீதே வழக்குப் போட்டார். நியாயமான பயன்பாடுதானா என்று யோசிக்காமல் நீக்கச் சொல்லக் கூடாது என்று 2015இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. வழக்கு சமரசத்தில் முடிந்தபோது 2018 ஆகியிருந்தது. அதற்குள் கடிதம் எழுதும் வேலையையே மனிதரிடமிருந்து வேறொன்று பிடுங்கிக்கொண்டிருந்தது.

2007 அக்டோபர் 15 அன்று யூடியூப் அறிமுகப்படுத்திய அந்த இயந்திரம்தான் பின்னாளில் கன்டென்ட் ஐடி எனப் பெயர் பெற்றது. படநிறுவனம் தன் படத்தின் ஒரு பிரதியைக் கொடுத்தால் போதும். இயந்திரம் அதன் ஒலி, ஒளியின் கைரேகையை எடுத்து வைத்துக்கொள்ளும். புதிதாக ஏறும் ஒவ்வொரு வீடியோவையும் அதோடு ஒப்பிடும். பொருந்தினால் உரிமையாளருக்கு மூன்று வழி: தடுக்கலாம், சும்மா கவனிக்கலாம், அல்லது விளம்பரம் போட்டு வரும் பணத்தை எடுத்துக்கொள்ளலாம். இங்கேதான் கதை குப்புற விழுந்தது. பத்தில் ஒன்பது தடவைக்கும் மேல் உரிமையாளர்கள் பணத்தையே தேர்ந்தெடுத்தார்கள். வீடியோவை நீக்கப் பிறந்த இயந்திரம், நீக்காமல் வைத்திருக்கும் இயந்திரமாக மாறியது.

2010 மார்ச்சில் வயாகாம் வழக்கின் ஆவணங்கள் வெளியானபோது இன்னொரு குட்டும் உடைந்தது. வழக்குப் போட்ட வயாகாமே குறைந்தது 18 விளம்பர ஏஜென்சிகளை வைத்துத் தன் வீடியோக்களை ரகசியமாக யூடியூபில் ஏற்றியிருந்தது என்றது யூடியூப். திருடியது போலத் தெரிய வேண்டுமென்று தரத்தை வேண்டுமென்றே கெடுத்தார்களாம். கணினி முகவரி காட்டிக்கொடுக்காமலிருக்க ஊழியர்களை கிங்கோஸ் ஜெராக்ஸ் கடைக்கு அனுப்பி அங்கிருந்து ஏற்றச் சொன்னார்களாம். எது தாங்கள் ஏற்றியது, எது பிறர் ஏற்றியது என்று தெரியாமல் சொந்த வீடியோவையே நீக்கச் சொல்லிவிட்டு, பிறகு திருப்பிப் போடச் சொன்ன கூத்தும் நடந்தது. அந்த ஜூன் மாதம் நீதிபதி லூயிஸ் ஸ்டான்டன் யூடியூபுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார். மேல்முறையீடுகள் இழுத்து, 2014இல் சமரசமாயிற்று. பாட்டுக்கும் படத்துக்கும் காவல் போட்டாயிற்று. வீடியோவில் இருக்கும் மனிதனுக்கு யார் காவல் என்ற கேள்வி மிலான் நகரத்திலிருந்து வந்தது.

இத்தாலியின் டுரின் நகரில் மாற்றுத்திறனாளி மாணவன் ஒருவனைச் சக மாணவர்கள் கொடுமைப்படுத்திப் படம்பிடித்து, 2006 செப்டம்பரில் கூகுள் வீடியோவில் ஏற்றியிருந்தார்கள். அது இறங்கியது நவம்பர் 7 அன்று, காவல்துறை சொன்ன பிறகு. இரண்டு மாதம். 2010 பிப்ரவரியில் மிலான் நீதிமன்றம் மூன்று கூகுள் அதிகாரிகளுக்கு ஆறு மாதச் சிறை விதித்து, நிறுத்தி வைத்தது. 2012இல் மேல்முறையீட்டில் மூவரும் விடுதலையானார்கள். பாட்டு உரிமையாளரின் கடிதத்துக்கு ஒரே நாளில் ஒரு லட்சம் வீடியோ இறங்குகிறது. ஒரு பையனின் அவமானம் இறங்க இரண்டு மாதம். அப்படியானால் மனிதர்களும் பாட்டுக்காரர் வாசல் வழியாக நுழைந்துவிட்டால்? ஒரு நடிகை அதையும் செய்து பார்த்தார்.

சிண்டி லீ கார்சியாவிடம் பாலைவன சாகசப் படம் என்று சொல்லி, 500 டாலர் கொடுத்து நடிக்கவைத்தார்கள். 2012இல் பார்த்தால், அவர் வந்த ஐந்து விநாடிக்கு வேறு குரல் போட்டு, நபிகள் நாயகத்தை இழிவுபடுத்தும் வீடியோவில் ஒட்டியிருந்தார்கள். உலகெங்கும் கொந்தளிப்பு. சென்னை அண்ணா சாலையில் அமெரிக்கத் துணைத் தூதரகத்தின் முன்னும் கூட்டம் திரண்டது. கார்சியாவுக்குக் கொலை மிரட்டல்கள் வந்தன. உயிர் பயத்துக்கென்று சட்டத்தில் வாசல் இல்லாததால், என் நடிப்பு என் பதிப்புரிமை என்று வாதாடினார். 2014 பிப்ரவரியில் நீதிமன்றம் நீக்கச் சொன்னது. 2015 மே மாதம் பெரிய அமர்வு அந்த ஆணையை ரத்துசெய்தது. பயத்தைப் பதிப்புரிமையில் அடைக்க முடியாது என்பது அதன் சாரம். அதே வாசலில் வேறு சிலருக்குக் கதவு திறந்தது. காதலன் பழிவாங்க வெளியிட்ட அந்தரங்கப் படத்தைத் தானே செல்ஃபியாக எடுத்த பெண்களுக்கு, படம் எடுத்தவர் என்ற முறையில் பதிப்புரிமை இருந்தது. படத்தை அவன் எடுத்திருந்தால்? உரிமை அவனுடையது!

அந்த அபத்தத்தைத் தீர்க்க 2017இல் ஃபேஸ்புக் ஆஸ்திரேலியாவில் கன்டென்ட் ஐடியின் யோசனையையே கையிலெடுத்தது. படம் கசியுமென்று பயப்படுபவர் முன்கூட்டியே கொடுத்தால் கைரேகை எடுத்துத் தடுத்துவிடுவோம் என்றது. ஒரே சிக்கல், படத்தை ஃபேஸ்புக்கிடமே அனுப்ப வேண்டும். உலகமே தலையில் அடித்துக்கொண்டது. ஆனாலும் கரு வீணாகவில்லை. 2021 டிசம்பரில் ஸ்டாப்என்சிஐஐ என்ற சேவை வந்தது. அதில் படம் சொந்த போனை விட்டு வெளியே போகவே போகாது. கைரேகை எண் மட்டும் போகும். நிறுவனங்கள் இப்படி மெல்ல நகர்ந்தபோது, 125 ரூபாய் வீடியோவில் அடிபட்ட இந்தியாவில் சட்டம் எதிர்த் திசையில் ஓடிவிட்டுத் திரும்பிக்கொண்டிருந்தது.

பஜாஜ் கைதுக்குப் பிறகு, தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 79ஆம் பிரிவு திருத்தப்பட்டு 2009இல் தளங்களுக்குப் பாதுகாப்பு கிடைத்தது. 2015 மார்ச் 24 அன்று ஸ்ரேயா சிங்கால் வழக்கில் உச்ச நீதிமன்றம், நீதிமன்ற ஆணையோ அரசு அறிவிப்போ வந்தால்தான் தளம் நீக்கியாக வேண்டும் என்றது. பேச்சுச் சுதந்திரத்துக்கு அது பெரிய வெற்றி. அந்தரங்கம் கசிந்த பெண்ணுக்கோ, வழக்கறிஞரைத் தேடி அலையும் வேலை. 2021 பிப்ரவரி விதிகளில்தான் அந்த முடிச்சு அவிழ்ந்தது. நிர்வாணம், பாலுறவு, மார்ஃபிங் செய்த படம் என்றால், பாதிக்கப்பட்டவரோ அவர் சார்பில் ஒருவரோ புகார் கொடுத்த 24 மணி நேரத்துக்குள் தளம் நீக்க நடவடிக்கை எடுக்க வேண்டும் என்றன அந்த விதிகள். ஆணை தேவையில்லை. குறைதீர் அதிகாரியின் பெயரையும் தொடர்பு விவரத்தையும் தளம் வெளியிட வேண்டும். அப்படியும் சிக்கல் ஓயவில்லை. 2025 ஜூலையில் ஒரு பெண் வழக்கறிஞரின் அந்தரங்க வீடியோக்களை 48 மணி நேரத்தில் முடக்க சென்னை உயர் நீதிமன்றம் மத்திய அரசுக்கு உத்தரவிட்டது. நீக்க நீக்க, வேறு இணையதளங்களில் அவை முளைத்துக்கொண்டே இருந்தன. அமெரிக்காவும் அந்த மே மாதம்தான் 48 மணி நேரக் கெடு வைத்து ‘டேக் இட் டவுன்’ சட்டத்தை நிறைவேற்றியிருந்தது.

இத்தனை பேரும் மோதி, தோற்று, சமரசமாகி உண்டாக்கியதுதான் செல்பேசியில் வீடியோவின் ஓரத்தில் நிற்கும் மூன்று புள்ளிகளும், தொட்டால் வரும் ‘புகார்’ பொத்தானும். யூடியூபில் ஆபாசத்துக்கும் வன்முறைக்கும் அந்தப் பொத்தான், பதிப்புரிமைக்குத் தனிப் படிவம் என்று இன்றும் இரண்டாகவே இருக்கிறது. 2005 செப்டம்பரில் பிடுங்கிய கொடியின் தழும்பு அது. கன்டென்ட் ஐடியைப் போல ஒருவரின் முகத்தை அடையாளம் கண்டு, போலி வீடியோக்களைத் தேடித் தரும் வசதியை யூடியூப் பரவலாகத் திறந்தது 2025 அக்டோபரில். பாட்டுக்கு 2007இல் கிடைத்த காவல் முகத்துக்கு வர 18 வருடம் ஆனது. அதுவும் அப்போது கிடைத்தது, அங்கே சேனல் வைத்துச் சம்பாதிப்பவர்களின் முகத்துக்குத்தான்.